பதினேழாம் தேதித் தாள்

பத்தொன்பது வருடம் ஒரு தமிழ் நாளிதழின் செய்தி மேசையில் இருந்தேன். அங்கே பிடித்துக்கொண்ட பழக்கங்களில் இரண்டு இன்னும் விடவில்லை. எந்த இடத்துக்குள் நுழைந்தாலும் தேதியைப் பார்ப்பேன். ஒரு பக்கம் காலியாக இருக்கும் எந்தத் தாளையும் தூக்கிப் போடமாட்டேன். செய்தி மேசையில் எல்லோருமே அப்படித்தான். தலைப்பு, எழுத்து எண்ணிக்கை, யாருக்கு டீ யாருக்குக் காபி எல்லாம் ஏதாவதொரு தாளின் முதுகில்தான் இருக்கும்.

பத்திரிகை ஆட்களைக் குறைத்தபோது என்னையும் குறைத்தது. வேலையில் இருந்த காலத்தில் வாரம் இரண்டு நாள் போய்ப் படித்த பிரெஞ்சு, அதற்குப் பிறகு சோறு போட்டது. சென்னையில் படம் எடுக்க வரும் பிரெஞ்சுக் குழுக்களுக்கு மொழிபெயர்ப்பாளராகப் போனேன். மூன்றாவது படத்தில் என்னை ஒரே ஒருவரிடம் ஒப்படைத்தார்கள். "இவர் கேட்பதை எல்லாம் தமிழில் கேளுங்கள், கிடைக்கும் பதிலை எல்லாம் அப்படியே சொல்லுங்கள்" என்பதுதான் எனக்கு இடப்பட்ட வேலை.

அந்தப் பெண்மணிக்கு அறுபத்து மூன்று வயது. ஒல்லியான உடம்பு, கத்தரித்த நரைமுடி, கழுத்தில் ஸ்டாப்வாட்ச், சட்டைப்பையில் சிவப்பும் நீலமுமாக இரண்டு பென்சில். பிரெஞ்சுப் படங்களில் அவருடைய பதவிக்குப் பெயரே 'ஸ்கிரிப்ட்'தான். நம் கோடம்பாக்கத்தில் இதைக் கன்டினியூட்டி என்பார்கள். ஏதாவது ஓர் உதவி இயக்குநரின் தலையில் கட்டுவார்கள். அங்கே அது தனித் தொழில். திரையில் நான்கு நிமிடம் ஓடும் காட்சியை நான்கு நாள் எடுப்பார்கள். முதல் நாள் இடது தோளில் கிடந்த துண்டு நான்காம் நாளும் அதே தோளில், அதே மடிப்போடு கிடக்க வேண்டும். கிடக்கிறதா என்று பார்ப்பவர் அவர். நாற்பது வருடமாக அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

காலை ஆறரைக்கு அடையாறு காந்தி நகரில் அவர் தங்கியிருந்த விடுதி வாசலில் நான் நிற்பேன். வேன் வரும். வேன் ஓட்டியவருக்கு நாற்பது வயதிருக்கும். ஆற்றோரத்தில் இருந்த அவர் வீட்டை எடுத்துவிட்டுப் பெரும்பாக்கத்தில் ஒரு மாடி வீடு கொடுத்திருந்தார்கள். அங்கிருந்து விடிவதற்கு முன்பே கிளம்பி வருவார். முதல் நாள் பார்த்ததுமே அந்தப் பிரெஞ்சுப் பெண்மணிக்கு ஒரு பெயர் வைத்துவிட்டார்.

"இன்னாக்கா, டீச்சரம்மா எப்பப் பாத்தாலும் எழுதிக்கினே கீது? நான் ரைட்டுல கட் பண்ணா கூட எழுதுதே. ஆர்டிஓவுல குடுக்குமா?"

மொழிபெயர்த்துச் சொன்னேன். அவர் குறிப்பேட்டைத் திருப்பிக் காட்டினார். அதில் எழுதியிருந்தது அன்றைய வெளிச்சம் பற்றி. ஓட்டுநர் எட்டிப் பார்த்துத் தலையாட்டினார். "படிக்கத் தெரியல. ஆனா கையெழுத்து நல்லாக் கீது."

படத்தின் கதை எளிமையானது. பிரான்ஸில் வாழும் மகள், பல வருடம் கழித்துச் சென்னையில் இருக்கும் அம்மாவைப் பார்க்க வருகிறாள். முதல் பாதி சென்னையில். மறுபாதி ஒரு மாத இடைவெளிக்குப் பிறகு பிரான்ஸில். முதல் நாளே வேனில் இயக்குநர் பாரிஸில் இருக்கும் தயாரிப்பாளரோடு போனில் பேசினார். இயக்குநருக்கு முப்பத்தைந்து வயது. மரியாதையானவர், களைத்தவர். தயாரிப்பாளரின் குரல் வெளியே கேட்டது. மறுபாதிக்கு ஸ்கிரிப்ட் அம்மா எதற்கு, ஒரு உதவியாளர் போனில் புகைப்படம் எடுத்துக்கொண்டால் போதாதா என்று கேட்டார். "சென்னை முடியட்டும், பார்க்கலாம்" என்றார் இயக்குநர். முன் இருக்கையில் உட்கார்ந்திருந்த அவர் திரும்பவில்லை. பென்சிலைச் சீவிக்கொண்டிருந்தார்.

இறங்கிய பிறகு என்னிடம் மட்டும் சொன்னார். "இது என் கடைசிப் படம். முடிச்சுட்டு நிறுத்தணும்னு முடிவு பண்ணியிருக்கேன். பாதியில நிறுத்தினா அது முடிச்சதாகாது."

அதை அவர் சொன்ன தொனியில் புகார் இல்லை. ஒரு அளவைச் சொல்வதுபோல இருந்தது. சென்னைப் பகுதியில் ஒரு தவறு வந்தால் மறுபாதி அவருக்கு இல்லை என்பது மட்டும் இருவருக்கும் புரிந்தது.

அபிராமபுரத்தில் ஒரு தனி வீட்டின் கூடத்தைப் பிடித்திருந்தார்கள். வீட்டுக்காரர் ஒரு மாமி. மாமாவைப் பெங்களூரில் மகன் வீட்டுக்கு அனுப்பிவிட்டு, படப்பிடிப்பை மேற்பார்வையிட அவர் மட்டும் இருந்தார். கூடத்துச் சுவரில், தி. நகர் பாத்திரக்கடை ஒன்று வருடப் பிறப்புக்குக் கொடுக்கும் தினசரி காலண்டர் தொங்கியது. நாள் ஒன்றுக்கு ஒரு தாள். பெரிய எண், கீழே ராகு காலம், எமகண்டம், பன்னிரண்டு ராசிக்கும் ஒவ்வொரு சொல். தாளின் முதுகில் எதுவும் அச்சிட்டிருக்காது.

காலண்டரைப் பார்த்ததும் ஸ்கிரிப்ட் அம்மாவின் கண் அதில் நின்றது. "இதை தினமும் கிழிப்பாங்களா?"

மாமி சொன்னார். "பின்னே? கார்த்தால ஸ்நானம் பண்ணிட்டு நேரா இங்கதான் வருவேன். நேத்திக்குத் தேதியை வெச்சுண்டு இன்னிக்கு அடுப்பு பத்த வெக்கப்படாது."

நான்கு நாள் இந்தக் கூடத்தில் எடுக்கப்போவது ஒரே ஒரு உரையாடல். எனவே காலண்டர் நான்கு நாளும் முதல் நாளின் தேதியிலேயே நிற்க வேண்டும். முதல் நாள் சனிக்கிழமை, பதினேழு. நான் அதை மாமியிடம் விளக்கினேன். ஒரு நிமிடம் யோசித்துவிட்டு அவர் ஒப்புக்கொண்டார். "சரி, சமையலுள்ளுக்கு வேற ஒண்ணு மாட்டிக்கறேன். கூடத்துல இருக்கறது உங்களோடது. நான் தொட மாட்டேன்."

"எல்லாத்துலயும் மூணு இருக்கணும்" என்பது ஸ்கிரிப்ட் அம்மாவின் தொழில் விதி. அதே காலண்டரில் இன்னும் இரண்டு வேண்டும் என்றார். ஓட்டுநர் தி. நகர் போய் ஒரு மணி நேரத்தில் திரும்பி வந்தார்.

"மே மாசத்துல போயி காலண்டர் குடுன்னா ஒரு மாரி பாக்குறாங்கோ. ஒரு குக்கரு வாங்கு, தரேன்றான். சினிமாவுக்குன்னு சொன்னதும் யாரு ஈரோன்னு கேட்டான். சொவத்துல மாட்டுற காலண்டர்தான் ஈரோன்னேன். ரெண்டு தான் மிச்சம் இருந்துச்சாம்."

சனிக்கிழமை முழுக் கூடமும் தெரியும் அகலமான ஷாட்களை எடுத்தார்கள். அம்மாவாக நடித்தவர் இங்கே நாடகங்களில் நடிப்பவர். மகளாக நடித்தவர் பாரிஸில் வளர்ந்த தமிழ்ப் பெண். காட்சியில் அம்மாவும் மகளும் பேசுகிறார்கள், அம்மா எழுந்து உள்ளே போய்க் காபி கொண்டுவருகிறார், மறுபடி பேசுகிறார்கள். அவ்வளவுதான். ஞாயிற்றுக்கிழமை காலை அம்மா பக்கம் பார்த்து, காபிக்கு முந்தைய பகுதி. உணவு இடைவேளைக்குப் பிறகு அதே பக்கம், காபிக்குப் பிந்தைய பகுதி. திங்களும் செவ்வாயும் கேமராவை எதிர்ப்பக்கம் திருப்பி மகளை எடுத்தார்கள். அந்த இரண்டு நாளும் காலண்டர் கேமராவின் முதுகுப் பக்கம்.

ஞாயிறு பிற்பகலை ஸ்கிரிப்ட் அம்மா காபி நுரையோடு கழித்தார். டம்ளரில் நுரை எவ்வளவு உயரம் நின்றது, எந்த வசனத்தில் எவ்வளவு இறங்கியது என்று நீலப் பென்சிலால் சின்னச் சின்ன டம்ளர்களாக வரைந்து வைத்திருந்தார். நுரை யார் சொல்லையும் கேட்காது. ஒவ்வொரு டேக்குக்கும் மாமி சமையலறையில் நின்று புதிதாக ஆற்றிக் கொடுத்தார். பதினோராவது டம்ளரின்போது உள்ளேயிருந்து குரல் வந்தது. "ஏம்மா, அந்தப் பொண்ணு நிஜமாவே குடிக்கறாளா, இல்லே வாயில வெச்சுண்டு வெச்சுண்டு கீழ வெக்கறாளா? குடிக்கலேன்னா எனக்கு மனசு ஆறாது."

மொழிபெயர்த்தேன். அந்த ஒரு டேக்கில் மட்டும் மகளாக நடித்தவர் முழுவதையும் குடித்தார். ஸ்கிரிப்ட் அம்மா அதையும் வரைந்தார், காலி டம்ளராக.

செவ்வாய் மதியம் அம்மாவாக நடித்தவர் தன் பகுதி முடிந்து ஹைதராபாத்துக்குக் கிளம்பிப் போனார். அன்று மாலை நான்கு மணிக்குப் பாரிஸிலிருந்து எடிட்டரின் செய்தி வந்தது. தினமும் எடுத்ததை அன்றன்றைக்கே அவருக்கு அனுப்பிக்கொண்டிருந்தார்கள். கேமரா முகத்தில் குவிந்திருந்ததால் பின்னால் இருந்த எண் அவருக்கு மங்கலாகத்தான் தெரிந்தது. காபிக்கு முன்பு அம்மாவின் தலைக்குப் பின்னால் கறுப்பாக இருந்தது, காபிக்குப் பின்பு சிவப்பாக இருக்கிறதே என்று மட்டும் கேட்டிருந்தார்.

எல்லோரும் காலண்டரைப் பார்த்தோம். பதினெட்டு. ஞாயிற்றுக்கிழமை, ஆகவே சிவப்பு.

ஸ்கிரிப்ட் அம்மா தன் புகைப்படங்களை எடுத்தார். ஞாயிறு பதினொன்றரை மணிக்குப் பதினேழு. ஞாயிறு மூன்று மணிப் படத்தில் டம்ளருக்கு மேலே, ஓரத்தில், சிவப்பாக ஒரு துண்டு. படத்தை எடுத்தவர் அவர்தான். பார்த்தது டம்ளரை மட்டும். இயக்குநர் வாசலுக்குப் போனார். போனை எடுத்தது தெரிந்தது.

"என் தப்பு" என்றார் ஸ்கிரிப்ட் அம்மா. "சாப்பாட்டுக்கு அப்புறம் சுவரைப் பாக்கல." யார் கிழித்தது என்று கேட்கவே இல்லை.

நான் கேட்டேன். பத்திரிகைக்காரிக்கு அது முதல் கேள்வி. நேராகச் சமையலறைக்குப் போனேன்.

"மாமி, ஞாயித்துக்கிழமை மத்யானம் கூடத்துக் காலண்டரைத் தெரியாம..."

மாமி கரண்டியைக் கீழே வைத்தார். "என்னம்மா இது? தொட மாட்டேன்னு சொன்னேனோல்லியோ? இதோ பாரு, இங்க மாட்டிண்டு இதைத்தான் கிழிச்சுண்டிருக்கேன். ஆத்தைக் குடுத்தேன், காபியைக் குடுத்தேன், இப்போ பழியும் எனக்கா?"

வெளியே வந்தபோது ஓட்டுநர் வேனில் சாய்ந்து நின்றிருந்தார். "மாமியையா கேட்ட? கரீட்டா போய் கேட்ட பாரு. அந்தம்மா சொன்ன சொல்லு மாறாது. உள்ள வந்துபோற நம்ம ஆளுங்களைக் கேட்டியா மொதல்ல?" நம் ஆட்களையும் கேட்டேன். விளக்குப் பிடிப்பவர்கள், ஒலிப்பதிவாளர், உணவு கொண்டுவந்தவர். யாரும் இல்லை. புதன்கிழமை ஐந்து மணியோடு வீட்டைக் காலி செய்ய வேண்டும். மிச்சம் இருந்தது ஒரே நாள்.

புதன் காலை மந்தைவெளியில் என் வீட்டில் எழுந்தேன். பால் பாக்கெட்டை எடுத்து உள்ளே வைத்தேன். போகிற வழியில் என் சமையலறைக் காலண்டரைக் கிழித்தேன். தாளை இரண்டாக மடித்து, கைப்பையைத் திறந்து, உள்ளே இருக்கும் சிறிய நோட்டின் பின்னட்டையில் சொருகப் போனேன். அந்த இடத்தில் நின்றுவிட்டேன். எதையும் யோசிக்காமல் என் கை இத்தனையையும் செய்து முடித்திருந்தது.

நோட்டின் பின்னட்டையில் ஒரு கற்றைத் தாள்கள் இருந்தன. பதினைந்து, பதினாறு, பதினெட்டு, பத்தொன்பது எல்லாம் என் வீட்டுக் காலண்டருடையவை. சிறியவை. நடுவே ஒன்று மட்டும் பெரியது. பதினேழு, பாத்திரக்கடையின் பெயரோடு. முதுகில் என் கையெழுத்து: 'ஞாயிறு மாலை. டீ ஒன்பது. காபி நான்கு. ஒன்று சர்க்கரை இல்லாமல். இயக்குநருக்கு வெந்நீர். ஸ்கிரிப்ட் அம்மாவுக்குத் தயிர்சாதம் மிச்சம் இருந்தால், கடுகு இல்லாமல்.'

ஞாயிற்றுக்கிழமை உணவு இடைவேளையில் கூடத்தில் யாரும் இல்லாதபோது, மாலை டீக்குப் பட்டியல் எழுத எனக்குத் தாள் வேண்டியிருந்திருக்கிறது. சுவரில் நேற்றைய தேதி இருந்தது. மற்றதைக் கை செய்திருக்கிறது. எனக்கு இன்றுவரை அந்தக் கணம் நினைவில்லை. நான்கு நாளாகக் காலண்டரைத் தொடாதீர்கள் என்று ஊருக்கெல்லாம் இரண்டு மொழியில் சொல்லிக்கொண்டிருந்தவள் நான்தான்.

அடையாற்றில் அவர் வேனில் ஏறியதும் தாளைக் கொடுத்தேன். சொல்ல வேண்டியதைச் சொன்னேன். அவர் தாளைப் பார்த்தார். திருப்பிப் பார்த்தார்.

"இது என்ன எழுதியிருக்கு?"

வரிவரியாக மொழிபெயர்த்தேன். கடைசி வரியில் அவர் நிமிர்ந்தார். "கடுகு எனக்குப் பிடிக்கலன்னு நான் சொல்லவே இல்லையே."

"ஒவ்வொரு நாளும் தட்டு ஓரத்துல ஒதுக்கி வெச்சிருந்தீங்க."

"சரி." பென்சிலை எடுத்தார். "எத்தனை மணிக்கு? எங்க நின்னீங்க? எந்தக் கை?"

நாளிதழில் ஒரு விபத்துச் செய்திக்குக்கூட நாங்கள் இவ்வளவு சுத்தமாகக் கேட்டதில்லை. இடது கை என்றேன், வலது கையில் எப்போதும் பேனா இருக்கும். எழுதிக்கொண்டார். வேன் அடையாறு பாலத்தின் மேல் ஏறியபோது பேசத் தொடங்கினார். ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்துக்கொண்டே இருந்ததால், நான் பாதி பாதியாக அவருக்கும் சொல்லிக்கொண்டு வந்தேன்.

அவருடைய முதல் படம். வயது இருபத்து மூன்று. ஒரு சமையலறைக் காட்சி. மேசையில் ஒரு கிண்ணம், அதில் ஏழு ஆப்பிள். எண்ணி எழுதியவர் அவரே. காலையில் ஒன்றும் சாப்பிடாமல் வந்திருந்தார். இடைவேளையில் படிகளில் உட்கார்ந்து குறிப்புகளைச் சரிபார்த்துக்கொண்டே ஒரு ஆப்பிளைத் தின்றார். தின்று முடித்துக் காம்பைக் கையில் வைத்துக்கொண்டு உள்ளே போனால், கிண்ணத்தில் ஆறு. ஏழு ஆப்பிளோடு அதற்கு முன்பே மூன்று ஷாட் எடுத்திருந்தார்கள். பொருள்களைக் கவனித்த ஒரு பெரியவர் திட்டு வாங்கினார். தின்ற இவர் வாயைத் திறக்கவில்லை.

"அவர்கிட்ட சொன்னீங்களா?"

"சொல்லல. அவர் போயிட்டார். நீங்க சொல்ல அரை மணி நேரம் எடுத்துக்கிட்டீங்க. நான் நாப்பது வருஷமா எடுத்துக்கிட்டிருக்கேன்."

ஓட்டுநர் கியரை மாற்றினார். "டீச்சரம்மா ஆப்பிள் திருடுச்சா! அப்ப நம்ம ஆளுதான்."

அதையும் மொழிபெயர்த்தேன். அவர் சத்தமாகச் சிரித்ததை முதல்முறையாகப் பார்த்தேன்.

வீட்டுக்குள் நுழைந்ததும் முதலில் மாமியிடம் போனேன். தாளைக் காட்டி மன்னிப்புக் கேட்டேன். மாமி கண்ணாடியைப் போட்டுக்கொண்டு பட்டியலை முழுக்கப் படித்தார்.

"காபி நாலா எழுதியிருக்கே, அன்னிக்கு அஞ்சு போட்டேன். சரி போ. ஆத்துக்கு வந்தவா மேல பழி போடறதைவிட ஆத்துக்காரி மேல போடறது சுலபம்." கோபம் அதோடு தீர்ந்தது. பிறகு, இதற்கா இவ்வளவு கலவரம் என்பதுபோல் கையை விரித்தார். "எனக்கும் என்னிக்காவது மறந்து போறதுதான். போன வருஷம் பிள்ளை வந்தான் பாரு, அன்னிக்கு அவனுக்குப் பண்றதுலயே பொழுது போயிடுத்து. சாயங்காலம் காபி எடுத்துண்டு வரேன், சுவத்துல நேத்திக்குத் தேதி. அடடான்னு காபியை அங்கயே வெச்சுட்டுக் கிழிச்சேன். அதுக்காக யாரும் என்னைத் தூக்குல போடலை."

ஸ்கிரிப்ட் அம்மா என் கையைப் பிடித்தார். "என்ன சொன்னாங்க? ஒரு சொல் விடாம சொல்லுங்க."

சொன்னேன். அவர் திரைக்கதைப் பக்கங்களை மாமியின் அரிவாள்மணைப் பக்கத்தில் தரையில் விரித்தார். ஒவ்வொரு ஷாட்டுக்கும் பக்கத்தின் குறுக்கே மேலிருந்து கீழாக ஒரு கோடு போட்டிருந்தார். எந்த வசனத்தில் தொடங்கி எங்கே முடிகிறது என்று அந்தக் கோடு சொல்லும். ஞாயிறு எடுத்ததில், காபிக்கு முந்தைய கோடுகளில் எல்லாம் பதினேழு. பிந்தைய கோடுகளில் பதினெட்டு. நடுவே அம்மா எழுந்து காபி எடுக்கப் போகும் இடம் காலியாக இருந்தது. அங்கே சிவப்புப் பென்சிலால் ஒரு புள்ளி வைத்தார்.

கதையில், மகள் வந்த சந்தோஷத்தில் அம்மா அன்று தாள் கிழிக்க மறந்துவிட்டாள். காபியோடு வரும்போது பார்க்கிறாள். கிழிக்கிறாள். சுவர், காலண்டர், ஒரு கை. அவ்வளவு போதும். முகம் வேண்டாம்.

இயக்குநரிடம் மூன்றே வாக்கியத்தில் சொன்னார். சனிக்கிழமை எடுத்த அகலமான ஷாட்டில் காபிக்குப் பிந்தைய பகுதியைப் பயன்படுத்த முடியாது என்பதையும் மறைக்கவில்லை. நான் பக்கத்தில் நின்று, கிழித்தது நான்தான் என்றேன். இயக்குநர் என்னை ஒரு முறை பார்த்தார், பக்கங்களை நீண்ட நேரம் பார்த்தார். "யாருடைய கை?" என்று கேட்டார்.

அம்மாவாக நடித்தவரின் மணிக்கட்டுப் புகைப்படத்தையும் என் கையையும் ஸ்கிரிப்ட் அம்மா ஒப்பிட்டுப் பார்த்தார். "இவங்க கை. ஏற்கெனவே ஒத்திகை பார்த்த கை."

புடவையும் கண்ணாடி வளையலும் குழுவிடம் இருந்தன. எனக்குக் கட்டிவிட்டார்கள். பதினேழாம் தேதியோடு இருந்த காலண்டர்கள் இரண்டு. ஆகவே டேக்குகளும் இரண்டு. வாசற்படியில் ஓட்டுநர் எட்டிப் பார்த்தார். "அக்கா, ஈரோயின் ஆயிட்ட. வேன்ல ஏறும்போது எங்களையெல்லாம் ஞாபகம் வெச்சுக்கோ."

முதல் டேக்கில் நான் கவனமாகக் கிழித்தேன். அதுதான் கெடுத்தது. கவனமாகக் கிழித்த தாள் குறுக்காகப் பிய்ந்து, ஏழின் மேல்பாதி சுவரிலேயே நின்றது. மாமி சமையலறை வாசலில் நாக்கைத் தட்டி 'ச்சு' என்றார். இரண்டாவது காலண்டரை மாட்டினார்கள்.

ஸ்கிரிப்ட் அம்மா கேமராவுக்குப் பக்கத்தில், எனக்குப் பின்னால் வந்து நின்றார். "ஞாயித்துக்கிழமை என்ன பண்ணீங்களோ அதையே பண்ணுங்க."

"ஞாயித்துக்கிழமை என்ன பண்ணேன்னு எனக்குத் தெரியாதே."

"தெரியும். உங்க கைக்குத் தெரியும்."

கேமரா ஓடத் தொடங்கியது. நான் காலண்டருக்கு எதிரே நின்றேன். பின்னாலிருந்து அவர் சாதாரணக் குரலில் கேட்டார். "இன்னிக்கு சாயங்காலம் யார் யாருக்கு டீ?"

"டீ ஒன்பது" என்றேன். "காபி அஞ்சு. மாமி நாலு இல்ல அஞ்சுன்னாங்க. ஒண்ணு சர்க்கரை இல்லாம. டைரக்டருக்கு வெந்நீர்." சொல்லிக்கொண்டே போனேன். எப்போது என் கை உயர்ந்தது என்று தெரியாது. 'சரக்' என்று ஒரு சத்தம் கேட்டது. கீழே பார்த்தபோது தாள் என் இடது கையில் இருந்தது. மடித்தாகிவிட்டது. முதுகு காலியாக இருக்கிறதா என்று கட்டைவிரல் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தது.

"கட்" என்றார் இயக்குநர். போட்டுப் பார்த்தார். இன்னொரு முறை போட்டுப் பார்த்தார். "அந்தத் திருப்பிப் பார்க்கிறது யார் எழுதினது?" என்று கேட்டார்.

"இந்த ஊர்" என்றார் அவர். ஸ்டாப்வாட்சைப் பார்த்து, ஆறு விநாடி என்று எழுதினார்.

மாலையில், சாமான்கள் வேனில் ஏறிக்கொண்டிருந்தபோது, அவர் கூடத்துத் தரையில் உட்கார்ந்து பாரிஸுக்கு அனுப்ப வேண்டிய அறிக்கையை மடிக்கணினியில் தட்டினார். அதில் தவறு என்னுடையது என்று எழுதச் சொன்னேன். எங்கள் பத்திரிகையில் தவறு செய்தால் மறுநாள் இரண்டாம் பக்கத்தின் அடியில் திருத்தம் வரும், யார் வருந்துகிறார் என்பதும் அதிலேயே இருக்கும் என்றேன்.

"இதுல யாரோட தப்புன்னு ஒரு கட்டம் கிடையாது" என்றார். "என்ன நடந்ததுன்னுதான் இருக்கு."

அவர் எழுதியதைப் படித்துக் காட்டினார். 'காலண்டர், பதினேழிலிருந்து பதினெட்டு. ஞாயிறு, உணவு இடைவேளை. மொழிபெயர்ப்பாளர், இடது கை. பழக்கத்தினால். உணவுக்குப் பின் நான் சுவரைப் பார்க்கவில்லை. புதனன்று சேர்த்த ஷாட்டினால் சரியாகிறது.' பத்தொன்பது வருடம் பிறர் எழுதியதை வெட்டிச் சுருக்கியவள் நான். அதில் ஒரு சொல்லைக்கூட எடுக்க முடியவில்லை.

என் டீப் பட்டியல் இருந்த தாளைக் கேட்டு வாங்கி, அந்தக் காட்சியின் பக்கத்தில் ஒட்டிக்கொண்டார். பட்டியல் வெளிப்பக்கமாக இருக்கும்படி ஒட்டினார். அடுத்த வாரம் குழு ஊருக்குப் போனது. மறுபாதி அவருக்கு உண்டா இல்லையா என்று யாரும் சொல்லவில்லை. கேட்கும் இடத்தில் நானும் இல்லை. விமான நிலையத்தில் அவரை இறக்கிவிட்டுத் திரும்பிய ஓட்டுநர் போனில் சொன்னார். "டீச்சரம்மா போச்சுக்கா. போறப்போ என் கையில ஒரு பென்சிலு குடுத்துச்சு. செவப்பு. நான் இன்னாத்தை எழுதப்போறேன்? ஆனா வெச்சுக்கினேன்."

ஜூன் முடிந்தது. ஜூலையில் ஒரு நாள் மயிலாப்பூர் மாட வீதியில் காய் வாங்கிக்கொண்டிருந்தபோது போனில் ஒரு படம் வந்தது. ஒரு பிரெஞ்சு வீட்டுச் சமையலறை. விளக்குகளின் கால்கள் ஓரத்தில் தெரிந்தன, தரையில் வயர்கள். மகளின் வீடாக இருக்க வேண்டும். மேசைமேல் ஒரு வெள்ளைக் கிண்ணம், அதில் ஆப்பிள்கள். கிண்ணத்துக்குப் பக்கத்தில் எனக்குத் தெரிந்த ஸ்டாப்வாட்ச்.

கீழே ஒரு வரி எழுதியிருந்தார். 'ஏழு. இன்று காலையில் சாப்பிட்டுவிட்டுத்தான் வந்தேன்.'

கத்தரிக்காய்க்காரர் பையை நீட்டிக்கொண்டு நின்றார். நான் படத்தைப் பெரிதாக்கி இரண்டு முறை எண்ணினேன். ஏழுதான்.